மோட்டார் கொட்டகைக்குப் போலீஸ் காவல்

மானாம்பதி,
மாசி 25, திங்கட்கிழமை.

அன்பு மகள் கல்பனாவுக்கு அப்பா எழுதுவது. திருப்புலிவனத்து ஈசன் புண்ணியத்தில் நீயும் மாப்பிள்ளை அரவிந்தனும் பேத்தி நிஷாவும் ஜபல்பூரில் நல்லபடி இருக்க வேண்டும். எங்கள் நலத்தைப் பற்றியும் வழக்கம்போல இரண்டு வரி எழுதலாம் என்றுதான் பேனாவை எடுத்தேன், பிறகு எதற்கு என்று தோன்றியது, ஏனென்றால் நான் நலமா இல்லையா என்பது நான் எழுதும் முன்பே உனக்குத் தெரிந்துவிடுகிறது. போன மாதம் நீ போன் செய்து, அப்பா வாய்க்கால் மேட்டில் செருப்பில்லாமல் நடக்காதீர்கள், சர்க்கரைக் காலில் முள் குத்தினால் ஆறாது என்றாய். நான் செருப்பில்லாமல் நடந்தது உண்மை. ஆனால் அன்றைக்கு அந்த மேட்டில் என்னையும் இரண்டு கொக்கையும் தவிர யாருமில்லை. கொக்கிடம் போன் கிடையாது. அப்போதிருந்தே எனக்குச் சந்தேகம் விழுந்துவிட்டது. யாரோ ஒருவர் இந்த வீட்டு விஷயத்தை அளந்து அளந்து உன் காதில் ஊற்றிக்கொண்டிருக்கிறார். அது யார் என்று கண்டுபிடித்துவிட்டேன், அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம். போனில் சொல்லலாமே என்று நீ கேட்பாய். போனில் இனி நான் மழையைப் பற்றியும் மாட்டைப் பற்றியும்தான் பேசுவேன். ஏன் என்று வரிசையாகச் சொல்கிறேன், பாதியைப் படித்துவிட்டு எனக்குப் போன் போடாமல் முழுவதும் படி.

உனக்கு இந்த வழக்கு அரைகுறையாகத்தான் தெரியும், அதுவும் யாரோ ஒருவர் வாயால் தெரிந்தது, அதனால் என் வாயால் முதலிலிருந்து கேள். நம் கிணறு பங்குக் கிணறு. உன் தாத்தாவும், நம் வயலை ஒட்டிய கொல்லைக்காரர் பச்சமுத்துவின் அப்பாவும் சேர்ந்து வெட்டியது, ஒரு நாள் தண்ணீர் நமக்கு, மறுநாள் அவர்களுக்கு. முறை முடிந்தவன் தன் மடையை அடைத்துவிட்டு, வாய்க்கால் இரண்டாகப் பிரியும் இடத்தில் ஒரு நொச்சிக் கொத்தை ஒடித்து நட்டுவிட்டுப் போவான். கொத்து நின்றால் இனி உன் முறை என்று அர்த்தம். கூப்பிட வேண்டியதில்லை, கேட்க வேண்டியதில்லை. இரண்டு வீட்டுக்கும் பேச்சே இல்லாமல் போன காலத்தில்கூட அந்தக் கொத்தை நடாமல் விட்டது கிடையாது. நீ ஐந்து வயதில் அதைப் பிடுங்கிவந்து கன்றுக்குட்டிக்குக் கொடுத்துவிட்டாய், பச்சமுத்துச் சித்தப்பா முறை தெரியாமல் ஒரு நாள் முழுக்கக் காத்துக்கிடந்தான், அன்றைக்கு நீ என்னிடம் வாங்கிய அடி இன்னும் மறந்திருக்காது. அடித்ததற்கு அவன்தான் வந்து என்னைத் திட்டினான், அதுவும் நினைவிருக்கும்.

இப்போது பணத்துக்கு வருகிறேன். ஐப்பசியில் நான் கண் ஆபரேஷனுக்குச் சென்னையில் படுத்திருந்தேன் அல்லவா, அந்தச் சமயத்தில் மோட்டார் எரிந்துபோயிற்று. எரிந்த மோட்டாருக்கு உள்ளே செம்புக் கம்பியைப் புதிதாகச் சுற்றிக் காயில் கட்டலாம், கட்டினால் இன்னும் நான்கு போகம் ஓடும். அவன் என்ன செய்தான், என்னை ஒரு வார்த்தை கேட்காமல் காஞ்சிபுரத்தில் தன் மச்சான் கடையில் போய்ப் புது மோட்டார் வாங்கி இறக்கிவிட்டான். நான் பச்சைத் துணியைக் கண்ணில் கட்டிக்கொண்டு ஊருக்கு வந்து இறங்குகிறேன், டீக்கடையில் பத்துப் பேர் இருக்கும்போது, அண்ணே மோட்டாரு எரிஞ்சி பூட்ச்சி, புச்சா எறக்கிட்டேன், உன் பாதிய எப்ப தர்ற என்று கேட்கிறான். கண் எப்படி இருக்கிறது என்று கேட்கவில்லை. நான் சென்னையில்தானே இருந்தேன், சொர்க்கத்தில் இல்லையே, ஒரு போன் போட முடியாதா? மச்சான் கடை என்றால் விலையில் எத்தனை மடிப்பு இருக்குமோ, யார் கண்டது? காயில் கட்டும் செலவில் பாதி தருகிறேன், புது மோட்டாரில் ஒரு ரூபாயும் தரமாட்டேன் என்று அதே டீக்கடையில் சொல்லிவிட்டு வந்தேன். இன்றைக்கும் அதைத்தான் சொல்கிறேன். நீ அன்றே, அப்பா பணத்தை நான் அனுப்புகிறேன், கொடுத்து முடியுங்கள் என்றாய். பணம் இல்லாமலா நான் நிற்கிறேன்? கேட்காமல் வாங்கியதற்குக் கொடுத்தால், நாளைக்குக் கிணற்றையே கேட்காமல் விற்பான்.

மார்கழிக் கடைசியில் ஏரித் தண்ணீரில் நட்டுவிட்டேன், அதனால் கிணற்றுப் பக்கம் போகவேண்டிய தேவை வரவில்லை. தை பிறந்து ஏரி இறங்கியதும் மோட்டார் போடலாம் என்று போனால் கொட்டகைக் கதவில் பூட்டு, அதுவும் ஆட்டுத் தலை அளவுக்கு ஒரு பூட்டு. என் பாதிக் கிணறு உள்ளே இருக்கிறது, அவன் மோட்டாரும் உள்ளே இருக்கிறது, இரண்டுக்கும் சேர்த்து ஒரே பூட்டு. கேட்டதற்கு, பாதிப் பணம் வராம கொட்டாய்ல கால வச்சே, கால ஒடச்சிடுவேன் அண்ணே என்றான். அண்ணே என்றும் சொல்கிறான், காலை ஒடிப்பேன் என்றும் சொல்கிறான். ஸ்டேஷனில் புகார் எழுதிக் கொடுத்தேன். இன்ஸ்பெக்டர் மரியாதையாகத்தான் படித்தார், ரசீதும் கொடுத்தார், கொடுத்துவிட்டு, இது கொடுக்கல் வாங்கல் விவகாரம், பெரியவரே, இதற்கு முன்சீப் கோர்ட்டுதான் வழி, நாங்கள் இதில் பணத்துக்கு நடுவில் நிற்கக் கூடாது என்றார். முன்சீப் கோர்ட்டில் போட்டால் தீர்ப்பு வருவதற்குள் நெல் வைக்கோல் ஆகி, வைக்கோல் சாணியாகிவிடும் என்பது எனக்குத் தெரியாதா? பழைய பேப்பர் கடையில் எடைக்கு வாங்கிய சட்டப் புத்தகத்தில் நான் படித்திருக்கிறேன், உயிருக்கும் உடைமைக்கும் ஆபத்து என்றால் ஹைகோர்ட்டு நேராகப் போலீஸ் பாதுகாப்பு கொடுக்கச் சொல்லலாம். அதனால் செங்கல்பட்டு தானியேல் வக்கீலைப் பிடித்தேன்.

தானியேல் கெட்டிக்காரர், ஆனால் முழுக்க நம்பக்கூடியவர் இல்லை, ஃபீஸ் வாங்கும்போது மட்டும் கண்ணைப் பார்த்துப் பேசுகிறார். முறைப்படி தண்ணீர் உங்களுக்கு உண்டு என்பதற்கு என்ன ஆதாரம் வைத்திருக்கிறீர்கள் என்று கேட்டார். நொச்சிக் கொத்து என்றேன். பேனாவைக் கீழே வைத்துவிட்டு, பெரியவரே உங்களைக் கும்பிடுகிறேன், ஜட்ஜ் முன்னால் நொச்சி கிச்சி என்று வாயைத் திறந்துவிடாதீர்கள் என்றார். மனுவில் பச்சமுத்துவும் அவன் அடியாட்களும் என்று எழுதியிருந்தார். அடியாளா, அவனுக்கு ஒரு மகனும் ஒரு கறவை மாடும்தான் இருக்கிறது, எதை அடியாள் என்கிறீர்கள் என்று கேட்டு அந்தச் சொல்லை அடித்துவிடச் சொன்னேன். காலை ஒடிப்பேன் என்றது மட்டும் இருக்கட்டும், அது அவன் சொன்னது. எஸ்.பி. முதல் எதிர்மனுதாரர், இன்ஸ்பெக்டர் இரண்டாவது, மூன்றாவது பச்சமுத்து. அதைக் கேட்டுவிட்டு உன் அம்மா, எஸ்.பி.க்கு சமமா குந்த வச்சிட்டீங்களே அவன, அவனுக்கு இதுக்குமேல இன்னா மரியாத வேணும் என்றாள். அப்போதே எனக்கு அவள் மீதும் ஒரு சந்தேகம் வந்தது.

ஹைகோர்ட்டில் முதல் வாய்தாவிலேயே, எதிராளி பதில் போடும்வரை பயிர் காயக்கூடாது, மனுதாரர் தன் முறைக்கு மோட்டார் ஓட்டும்போது அசம்பாவிதம் நடக்காமல் போலீஸ் பார்த்துக்கொள்ள வேண்டும், அதற்குக் கதவையும் திறந்துவிட வேண்டும் என்று உத்தரவு வந்தது. அந்தக் காகிதத்தை வைத்துக்கொண்டு பஸ்ஸில் வரும்போது நான் உட்காரவே இல்லை, நின்றபடியே வந்தேன். மறுநாள் ஏட்டு ஞானதாஸ் வந்தார், ராஜகுளத்துக்காரர், ஓய்வு பெறும் வயது, தொந்தி முன்னால் வர ஆள் பின்னால் வருவார். கொட்டகை வாசலில் புங்கமரத்தடியில் பிளாஸ்டிக் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தார். மந்திரி வந்தா நின்னுக்கீறேன், தேர் இழுத்தா நின்னுக்கீறேன், ஒரு மோட்டாருக்குக் காவல் நிக்கறது இதான் பெருசு மொதத் தடவ என்றார். ஊரில் சும்மா இருப்பார்களா? ஏகாம்பரம் நெல்லுக்கு இசட் பிளஸ் பாதுகாப்பு என்று டீக்கடையில் பேச்சு. களையெடுக்க வந்த சிட்டம்மாள் வரப்பில் ஏறாமல் நின்றுகொண்டு, நைனா களபுடுங்க வர்றவங்கல்லாம் ஆதார் கார்டு கொண்டாரணுமா, எங்கத மாடு மென்னுபூட்ச்சி என்று கேட்டு எல்லோரையும் சிரிக்க வைத்தாள். சிரிக்கட்டும். தண்ணீர் பாய்ந்தது, பயிர் கரும்பச்சையாக நிமிர்ந்தது, அதுதான் கணக்கு. ஆனால் ஒன்றைக் கவனித்தேன். ஏட்டுக்கு உச்சி வேளையில் நம் வீட்டிலிருந்து சோறு போகிறது, பச்சமுத்து வீட்டிலிருந்து மோர் வருகிறது. எதிர்மனுதாரர் வீட்டு மோரைப் பாதுகாப்புக்கு வந்தவர் குடிக்கலாமா என்று கேட்டேன். மோருக்கு இன்னா பெருசு கட்சி கீது, வெயிலுக்கு மோரு, அவ்ளோதான் என்று செம்பைக் கவிழ்த்துவிட்டார். அந்தக் காவல் இருந்த நாட்களில் நானும் கொத்து நடவில்லை, அவனும் நடவில்லை. தேதி பார்த்து அவரவர் நாளுக்கு ஓட்டினோம். போலீஸ் உட்கார்ந்திருக்கும் இடத்தில் நொச்சிக்கு என்ன வேலை?

போன திங்கட்கிழமை மறுபடியும் ஹைகோர்ட்டு. அங்கேதான் எனக்குக் குழி வெட்டியிருந்தார்கள். பச்சமுத்து மகன் மோகன்குமார், ஒரகடம் கம்பெனிக்குப் போகிறானே, அவன் தை மாதத்தில் என்னோடு பேசிய போனை அப்படியே பதிவு செய்து, எழுத்தாக்கிப் பதில் மனுவோடு போட்டிருக்கிறான். அதில் நான், காயில் கட்டற செலவுல பாதி தர்றேன், மோட்டார் பணத்துல ஒரு பைசா தரமாட்டேன், உங்கப்பன ஆனத பாத்துக்கச் சொல்லு என்று சொன்னது வரிக்கு வரி இருக்கிறது. நான் தூக்கிவைத்து விளையாடிய பையன், பெரியப்பா சாப்பிட்டீங்களா என்று கேட்டுக்கொண்டே பதிவு செய்திருக்கிறான். அதற்குத்தான் சொல்கிறேன், இனி போனில் வழக்குப் பேசமாட்டேன், நீயும் நீ வேலை பார்க்கும் பாங்கி விஷயம் எதையும் யாரிடமும் போனில் பேசாதே, சாப்பிட்டீர்களா என்று எவன் கேட்டாலும் உஷாராக இரு. நீதிபதி அதைப் படித்தார். இது இரண்டு தனி ஆட்களுக்கு நடுவில் இருக்கும் பணத் தகராறு, யார் யாருக்கு எவ்வளவு தரவேண்டும் என்பதை சிவில் கோர்ட்டுதான் சொல்ல வேண்டும், போலீஸைக் காவல் நிறுத்தி அதை முடிக்க முடியாது, மிரட்டல் இருந்தால் ஸ்டேஷனில் சொல்லலாம், அவர்கள் சட்டப்படி பார்ப்பார்கள் என்று சொல்லி மனுவை முடித்துவைத்தார். தள்ளுபடி இல்லை, முடித்துவைப்பு என்றார் தானியேல், ஏதோ இரண்டுக்கும் விலை வேறு என்பதுபோல. நீதிபதி சொன்னதில் தப்பில்லை என்று மாப்பிள்ளை சொன்னாராம். சட்டப்படி தப்பில்லாமல் இருக்கலாம். கதிர் பால் பிடிக்கும் சமயத்தில் வயலுக்கு அந்தச் சட்டத்தைப் படித்துக் காட்ட முடியுமா? செவ்வாய்க்கிழமை ஏட்டு நாற்காலியை மடித்துவிட்டார். கோர்ட்டு சொல்லிச்சி வந்தோம், கோர்ட்டு சொல்லிச்சி போறோம், பக்கத்துப் பக்கத்துக் கொல்லிய வச்சிக்கினு எத்தினி நாளு இப்டி பேஜார் பண்ணிக்கினு இருப்பீங்க, குந்தி பேசுங்க பெருசு என்றார். மோர் குடித்தவர் அப்படித்தான் பேசுவார் என்று நினைத்துக்கொண்டேன்.

புதன்கிழமை விடிந்ததும் பூட்டைப் பார்க்கப் போனேன், பூட்டியிருப்பான் என்று எனக்கு நிச்சயம். போனால் பூட்டே இல்லை. கதவு அகலத் திறந்திருக்கிறது, சங்கிலி தொங்குகிறது, உள்ளே சுவிட்சு என்னைப் பார்த்துக்கொண்டிருக்கிறது. நீயாக இருந்தால் உள்ளே போய் மோட்டாரைப் போட்டிருப்பாய். நான் போடவில்லை. உத்தரவு இருக்கும்போது பூட்டைத் திறந்தவன், உத்தரவு போன பிறகும் ஏன் திறந்துவைக்க வேண்டும்? போனில் பேச்சைப் பிடித்த வீட்டில் இதற்கும் ஒரு பொறி இருக்கத்தான் செய்யும். நான் உள்ளே கால் வைப்பேன், மகன் எங்கிருந்தோ வீடியோ எடுப்பான், முன்சீப் கோர்ட்டில் அத்துமீறி நுழைந்தான் என்று போடுவான். கேமரா எங்கே வைத்திருப்பான் என்று சுற்றிச் சுற்றிப் பார்த்தேன். பனைமரத்தில் ஏதோ கறுப்பாகத் தொங்கியது, நன்றாக உற்றுப் பார்த்தால் தூக்கணாங்குருவிக் கூடு. ஆனாலும் சந்தேகம் தீரவில்லை. அன்றைக்குத் தண்ணீர் பாயவில்லை, மறுநாளும் பாயவில்லை. வயல் உதடு வெடித்தமாதிரி வெடிக்க ஆரம்பித்தது. இன்னும் இரண்டு நாள் விட்டால் மணி முழுக்கப் பதர்தான், அது எனக்குத் தெரியாமல் இல்லை. உன் அம்மா முட்டி வலியோடு வரப்புவரைக்கும் வந்து பார்த்துவிட்டு, பூட்டிக் கீற கதவுக்கு ஹைகோர்ட்டு போனாரு, தொறந்து கீற கதவுக்கு எங்க போவாரு, டில்லிக்கா என்று சிட்டம்மாளிடம் எனக்குக் கேட்கும்படி சொன்னாள். சிட்டம்மாள் ஒரு நெல் தாளைப் பிடுங்கி என் முகத்துக்கு நேரே நீட்டி, சுருண்டுக்கிது பாரு நைனா, உன் சந்தேகத்த இது துன்னுமா என்றாள். நான் அசையவில்லை.

வியாழக்கிழமை நீ போன் செய்தாய். சாப்பாடு, மாத்திரை என்று சுற்றிவந்து, கொட்டகைதான் திறந்திருக்கிறதே அப்பா, ஏன் இன்னும் மோட்டார் போடவில்லை என்றாய். அப்போதுதான் போனை வைத்தேன், கோபித்துக்கொள்ளாதே. கொட்டகை திறந்திருப்பது ஜபல்பூருக்கு எப்படித் தெரியும்? அன்று முழுக்க இதே யோசனை. உன் அம்மாவாக இருக்கும் என்று பார்த்தேன், அவள் போனில் காசு தீர்ந்து ஒரு வாரம் ஆகிறது. சிட்டம்மாளைக் கேட்டேன், உன் பொண்ணு நம்பரு எனக்கின்னாத்துக்கு நைனா, நான் இன்னா லோனா கேக்கப்போறேன் என்றாள். ஏட்டு ஊரிலேயே இல்லை. கேட்டுப் பயனில்லை, பொறிக்குப் பொறிதான் வைக்க வேண்டும் என்று முடிவு செய்தேன். அம்மாவிடம் பல் வலி என்று சொல்லிவைத்தேன். சிட்டம்மாளிடம் மாட்டை விற்கப்போகிறேன் என்று சொன்னேன். வெள்ளிக்கிழமை சாயங்காலம் தனியாகப் போய்க் கிணற்று மேட்டில் உட்கார்ந்து ஒரு பீடியைப் பற்ற வைத்தேன். இழுக்கவில்லை, கையில் வைத்திருந்தேன், அவ்வளவுதான். பீடியை விட்டு எத்தனை வருஷம் ஆயிற்று என்பது உனக்குத் தெரியும், அந்த மேட்டில் என்னைச் சுற்றி யாருமில்லை, அடுத்த கொல்லையில் வேர்க்கடலைக்குத் தண்ணீர் கட்டிக்கொண்டு குனிந்திருந்த ஒரே ஒரு ஆளைத் தவிர. சனிக்கிழமை காலையில் உன் போன். பல்லைப் பற்றிக் கேட்கவில்லை, மாட்டைப் பற்றிக் கேட்கவில்லை. அப்பா, மறுபடியும் பீடி பிடிக்கிறீர்களா என்று அழுகிற குரலில் கேட்டாய்.

மூன்றாவது எதிர்மனுதாரர். என் மனுவில் யாரிடமிருந்து எனக்குப் பாதுகாப்பு வேண்டும் என்று எழுதியிருந்தேனோ, அதே ஆள். நான் நேராக உன் அம்மாவிடம் போய்ச் சொல்லு என்றேன். அவள் முருங்கைக்கீரையை ஆய்ந்துகொண்டே நிமிராமல் எல்லாவற்றையும் சொன்னாள். கண் ஆபரேஷன் சமயத்தில் நீதான் அவனுக்குப் போன் செய்து, சித்தப்பா, அப்பாவுக்குக் கண் சரியாகும்வரை வாய்க்கால் பக்கம் வந்தால் பார்த்துக்கொள்ளுங்கள் என்று கேட்டாயாம். கண் சரியானதும் நிறுத்த வேண்டியதுதானே? டீக்கடையில் பணம் கேட்டானே, அன்றைக்குச் சாயங்காலமும் போன் செய்தானாம். பூட்டுப் போட்ட அன்றைக்கும் செய்தானாம். கோர்ட்டு நோட்டீஸ் அவன் கைக்கு வந்த அன்று உன்னிடம், உங்கப்பன் என் மேல ஹைகோர்ட்டுல கேசு போட்டுக் கீறான் கண்ணு, ஆனா சர்க்கர மாத்திர வாங்கிக்கினு வந்துட்டான், அந்தக் கவலைய வுடு என்று சொன்னானாம். இதை நீ அம்மாவிடம் சொல்லிச் சிரித்தாயாம். மூன்று பேர் சேர்ந்து என்னை நடுவில் வைத்து இத்தனை மாதம் நடத்தியிருக்கிறீர்கள்.

இப்போது நான் உன்னைக் கேட்கவேண்டியது ஒன்றுதான், இதற்காகத்தான் இவ்வளவும் எழுதினேன். நீ அவனுக்குப் பணம் அனுப்பினாயா? பூட்டு அதனால்தான் திறந்ததா? பொய் சொன்னால் எழுத்தில் சொல், போனில் சொல்லாதே, எழுத்தில் நீ சின்ன வயதிலிருந்தே பொய் எழுதமாட்டாய். நீ கொடுத்திருந்தால் அந்தப் பாதிக் கிணற்றில் எனக்குப் பங்கு இல்லை, அது நீ வாங்கியது, நான் தொடமாட்டேன், அந்த நெல் காய்ந்தாலும் சரி என்று சனிக்கிழமை காலை முடிவு செய்துகொண்டுதான் கொல்லைக்குப் போனேன். போனால் வாய்க்கால் பிரியும் இடத்தில் நொச்சிக் கொத்து நிற்கிறது. முந்தின நாள் வெயிலில் ஒடித்தது இல்லை, அன்று விடியலில் ஒடித்தது, இலையில் ஈரம் இருந்தது. அவன் மடை அடைத்திருக்கிறது, நம் பக்கம் மண் தள்ளித் திறந்திருக்கிறது.

இதிலும் ஏதாவது இருக்குமோ என்று யோசித்தேன், யோசிக்காமல் இருக்கமாட்டேன் என்பது உனக்குத் தெரியும். போன் பேச்சைப் பிடிக்கலாம், கதவைத் திறந்துவைத்து ஆளைப் பிடிக்கலாம், வக்கீல் எழுதும் காகிதத்தில் இல்லாத அடியாளை நிறுத்தலாம். கொத்தில் எவனும் இதுவரை பொய் நட்டதில்லை. அது மட்டுமில்லை, பணம் வாங்கியவன் சாவியை அனுப்பியிருப்பான், கொத்து நட்டிருக்கமாட்டான். கொத்து முறைக்கு நடுவது, பணத்துக்கு நடுவதில்லை. அப்படியானால் நீ கொடுக்கவில்லை என்று எனக்குத் தோன்றியது. சரியா தப்பா என்று நீ எழுது. நான் கொட்டகைக்குள் போய் மோட்டாரைப் போட்டேன். புது மோட்டார் நன்றாகத்தான் இழுக்கிறது, அதைச் சொல்லாமல் இருக்க முடியாது, பழையது அந்த வேகத்தில் ஒருநாளும் தள்ளியதில்லை. வெடிப்புக்குள் தண்ணீர் இறங்கும்போது வயல் முழுக்கப் பெருமூச்சு விடுகிற மாதிரி ஒரு சத்தம் வந்தது. அடிக் கதிரில் கொஞ்சம் பதர் விழும், அது என் பிடிவாதத்தில் விழுந்தது என்று உன் அம்மா சொல்கிறாள், அவன் போட்ட பூட்டில் விழுந்தது என்று நான் சொல்கிறேன். மேல் வயல் பிழைத்துக்கொண்டது. நேற்றுக் காலையில் என் முறை முடிந்ததும் மடையை அடைத்துவிட்டு நானும் ஒரு கொத்து ஒடித்து நட்டேன். இதைச் சமாதானம் என்று நினைத்து யாருக்கும் சொல்லிவைக்காதே. தண்ணீர் வேறு, பணம் வேறு. காயில் கட்டும் செலவில் பாதியை உத்திரமேரூர் முன்சீப் கோர்ட்டில் கட்டிவிட்டு வழக்குப் போடத்தான் போகிறேன், புது மோட்டாருக்கு நான் ஏன் கேட்கப்படவில்லை என்பதற்கு அவன் கூண்டில் நின்று பதில் சொல்ல வேண்டும். தானியேலிடமும் சொல்லிவிட்டேன், போலீஸ் வேண்டாம், கேள்வி மட்டும் போதும்.

மற்றபடி, மாடு சினை பிடித்திருக்கிறது, அதை விற்கவில்லை. அம்மாவுக்கு முட்டிக்கு எண்ணெய் தீர்ந்துவிட்டது, இங்கேயே வாங்கிக்கொள்கிறோம், பார்சல் அனுப்பிக் காசை வீணாக்காதே. நிஷாவுக்குத் தமிழ் எழுதப் பழக்கு, ஒரு பக்கமாவது தன் கையால் எழுதி எனக்கு அனுப்பச் சொல். பாங்கியில் தெரிந்தவன், பக்கத்து வீட்டுக்காரன் என்று எவனுக்கும் ஜாமீன் கையெழுத்துப் போடாதே, மாப்பிள்ளையையும் போடவிடாதே. அங்கே வெயில் இங்கே போல இல்லை, அனல் என்று கேள்விப்பட்டேன், குழந்தையை உச்சியில் வெளியே விடாதே.

ஒன்றை மறக்காதே. இன்றைக்கோ நாளைக்கோ உன் சித்தப்பா உனக்குப் போன் செய்வான், அவனால் அது இல்லாமல் இருக்க முடியாது என்று தெரிந்துகொண்டேன். செய்தால் நீ இதைச் சொல். பனைமரத்து மூலையில் வரப்பு உள்ளே அரித்துப் பொந்து விழுந்திருக்கிறது, மேலே புல் மூடியிருப்பதால் தெரியாது, அந்தப் பக்கமாகத் தண்ணீர் பார்க்க வரவேண்டாம், போன வருஷம் சுளுக்கிய காலை அங்கே வைத்தான் என்றால் முழுசாக ஒடிந்துபோகும். நான் இரண்டு முள் வெட்டிப் போட்டிருக்கிறேன். நான் சொன்னேன் என்று சொல்லாதே. உனக்கு எப்படித் தெரியும் என்று அவன் கேட்பான். கேட்கட்டும், அவனும் கொஞ்ச நாள் யோசிக்கட்டும்.

நீங்கள் மூவரும் நோய் நொடி இல்லாமல், யாருக்கும் தலை குனியாமல், நிறைந்த வயிறும் நிம்மதியான தூக்கமுமாக நூறாண்டு இருக்க ஈசன் அருள் செய்வான். நேரம் கிடைக்கும்போது பதில் எழுது, அந்த ஒரு கேள்விக்கு மட்டும் நேரம் பார்க்காமல் எழுது.

இப்படிக்கு,
உன் அப்பா,
ம. ஏகாம்பரம்.

இப்போதெல்லாம் செருப்புப் போட்டுக்கொண்டுதான் வாய்க்காலுக்குப் போகிறேன். நம்பிக்கை இல்லை என்றால் அவனையே கேட்டுக்கொள்.